மொட்டுன்னா பாஸா, ஃபெயிலா?

இன்டர்னல், அரியர், பிளேஸ்மென்ட்னு மண்டை காய்ஞ்சு போயிருப்பீங்க. இந்த வாரம் அதையெல்லாம் ஓரமா வெச்சுட்டு, நேரா ஒண்ணாங்கிளாஸுக்குப் போயிட்டு வருவோமா? சும்மா இல்ல, காரணம் இருக்கு.

போன பௌர்ணமிக்கு கிரிவலம் போயிருந்தேன். உடனே பெரிய பக்திமான்னு கையெடுத்துக் கும்பிட்டுடாதீங்க. திருவண்ணாமலைக்காரனுக்கு கிரிவலம்ங்கிறது பாதி சாமி, பாதி ஃப்ரெண்ட்ஸ் மீட்டிங். 14 கிலோமீட்டர், வழியில எட்டு லிங்கம். குபேர லிங்கம் தாண்டினதும் என் பழைய கிளாஸ்மேட் ஒருத்தன் தள்ளுவண்டியில சுக்கு காபியும் சுண்டலும் விப்பான். ஒண்ணாவதுல இருந்து பத்தாவது வரைக்கும் நாங்க ரெண்டு பேரும் ஒண்ணு. அவன் கையால ஒரு சுக்கு காபி குடிக்காம நான் மலையைச் சுத்தி முடிச்சதே கிடையாது.

அன்னிக்கு வண்டி பக்கத்துல அவனோட அக்காவும் நின்னுட்டு இருந்தாங்க. அவங்க பையன் அரசுப் பள்ளியில மூணாம் வகுப்பு. என்னைப் பார்த்ததும் பிடிச்சுக்கிட்டாங்க.

"ஏம்ப்பா, நீதான் இன்ஜினியரிங் படிக்கிறியே... ஒண்ணு சொல்லு. பள்ளிக்கூடத்துல கூப்பிட்டு, 'உங்க பையன் தமிழ்ல மொட்டு, கணக்குல அரும்பு'ன்னு டீச்சர் சொன்னாங்க. மொட்டுன்னா பாஸா, ஃபெயிலா?"

சத்தியமா எனக்குச் சட்டுனு பதில் வரலை பாஸ். ரெண்டும் இல்லைக்கான்னு சொன்னேன். "ரெண்டும் இல்லாம எப்படிப்பா ஒரு பரீட்சை இருக்கும்?"னு திருப்பிக் கேட்டாங்க பாருங்க... அந்தக் கேள்விதான் மீதி தூரம் பூரா என்கூட நடந்து வந்துச்சு.

ஏணி ஏறின பசங்க

அக்காவுக்குப் பதில் சொல்றதுக்கு முன்னாடி கொஞ்சம் ஃப்ளாஷ்பேக்.

நானும் என் நண்பனும் 2010 ஜூன்ல, தண்டராம்பட்டு பக்கம் ஒரு ஊராட்சி ஒன்றியத் தொடக்கப் பள்ளியில ஒண்ணாவது சேர்ந்தோம். உங்கள்ல யாராவது அந்தச் சமயத்துல அரசுப் பள்ளியில படிச்சிருந்தா, இப்போ நான் சொல்லப்போறது அப்படியே கண்ணு முன்னாடி வரும். வராதவங்க கொஞ்சம் கற்பனை பண்ணிக்கோங்க.

பெஞ்ச் கிடையாது. தரையில பாய். ஒண்ணாவது, ரெண்டாவது, மூணாவது, நாலாவது எல்லாம் கலந்து வட்ட வட்டமா உட்கார்ந்திருப்போம். சுவத்துல நம்ம உயரத்துக்குச் சுத்தி கரும்பலகை. ஒவ்வொருத்தனுக்கும் அதுல ஒரு பங்கு, பேர் எழுதியே இருக்கும். தலைக்கு மேல குறுக்கும் நெடுக்கும் கம்பி கட்டி, நாம வரைஞ்சது, வெட்டி ஒட்டினதெல்லாம் அதுல தொங்கும். அதுக்குப் பேர் கம்பிப் பந்தல். வருகைப் பதிவேட்டுல நம்ம பேருக்கு நேரா நாமே குறிச்சுக்கணும். அந்த வயசுல அது எவ்வளவு பெரிய கெத்து தெரியுமா?

மெயின் மேட்டர், ஏணி. பாடப் புத்தகத்தைச் சின்னச் சின்னத் திறனா பிரிச்சு, படிப்படியா சுவத்துல ஏணிப்படி அட்டையா மாட்டியிருப்பாங்க. ஒவ்வொரு படிக்கும் தட்டுல ஒரு கார்டு. அந்தக் கார்டுல இருக்கிற வேலையை முடிச்சாதான் அடுத்த படி. சில கார்டு டீச்சர்கூட உட்கார்ந்து செய்யணும். சில கார்டு பக்கத்துப் பையன்கூட. சிலது தனியா. கொஞ்சம் படி ஏறினதும் ஒரு மதிப்பீட்டு கார்டு வரும். அது வந்தா தொடர்ந்து போகலாம்; வரலைன்னா திரும்பிப் பயிற்சி. யாரும் திட்ட மாட்டாங்க, ரேங்க் கார்டுல சிவப்பு மை கிடையாது. ரெண்டு நாள் காய்ச்சல்ல லீவு போட்டாலும் பாடம் நம்மளை விட்டுட்டு ஓடாது. எந்தப் படியில விட்டோமோ அங்கேயே காத்துட்டு நிக்கும்.

இப்போ யோசிச்சா கிரிவலம் மாதிரிதான் இருந்திருக்கு. வேகமா நடக்கிறவங்க நடப்பாங்க. பாட்டிங்க ஒவ்வொரு லிங்கத்துக்கும் உட்கார்ந்து எழுந்து வருவாங்க. யாரு ஃபர்ஸ்ட்டுன்னு யாரும் கேட்கிறதில்லை. ஆனா எந்த லிங்கம் வரைக்கும் வந்தாச்சுன்னு எல்லாருக்கும் தெரியும்.

இதுக்குப் பேர்தான் செயல்வழிக் கற்றல். டீச்சர்ங்க ஏ.பி.எல்.னு சொல்வாங்க. உலகம் பூரா இன்னிக்கு 'திறன் அடிப்படைக் கல்வி'ன்னு பில்ட்-அப் குடுத்துப் பேசுறாங்களே, அதை நாங்க மூக்கு ஒழுகிட்டு இருந்த வயசுலயே பண்ணிட்டோம்!

எங்கேயிருந்து வந்தது?

'எத்தனை பாடம் நடத்தி முடிச்சோம்'னு பார்க்காம, 'குழந்தைக்கு என்ன செய்ய வருது'ன்னு பார்க்கணும்ங்கிற யோசனை இந்தியாவுக்குப் புதுசு இல்லை. ஆர்.எச்.தவே தலைமையிலான குழு குறைந்தபட்சக் கற்றல் அடைவுகளைப் பட்டியல் போட்டுக் குடுத்தது 1991ல. அஞ்சாவது முடிக்கிறதுக்குள்ள எந்தக் குழந்தைக்கும் இதெல்லாம் வந்தே ஆகணும்னு ஒரு லிஸ்ட். லிஸ்ட் ரெடி. ஆனா ஒரே வாத்தியார் மூணு வகுப்பை வெச்சு மேய்க்கிற கிராமத்துப் பள்ளியில அதை எப்படி நடத்துறது?

அதுக்கு ஒரு வழி காட்டினது, நமக்குப் பக்கத்து மாநிலத்துல இருக்கிற ரிஷிவேலி. மதனப்பள்ளி பக்கம் ஜே.கிருஷ்ணமூர்த்தி உருவாக்கின பள்ளி. அதைச் சுத்தியிருக்கிற கிராமத்துக் குழந்தைங்களுக்காக அங்கே கார்டும் ஏணியுமா ஒரு முறையை உருவாக்கினாங்க. 1990களில் வேலூர் கலெக்டராக இருந்த எம்.பி.விஜயகுமார், கொத்தடிமைத் தொழில்ல இருந்து மீட்கப்பட்ட குழந்தைகளோட பள்ளிகள்ல அந்த முறையைக் கொண்டுவந்தார். யோசிச்சுப் பாருங்க... வயசு பத்து, பன்னெண்டு இருக்கும், பள்ளிக்கூட வாசலையே மிதிக்காத பசங்க. 'நீ அஞ்சாவது, நீ ஒண்ணாவது'ன்னு வயசை வெச்சுப் பிரிச்சா வேலைக்கு ஆகுமா? அவங்கவங்க இருக்கிற படியில இருந்து தொடங்கினாதானே முடியும்?

அவரே 2003ல சென்னை மாநகராட்சி கமிஷனரா இருந்தப்போ, முதல்ல 13 மாநகராட்சிப் பள்ளிகள்ல முயற்சி பண்ணிப் பார்த்து, அப்புறம் மத்த பள்ளிகளுக்கும் விரிச்சாங்க. கார்டு எல்லாம் வெளியூர் நிபுணருங்க தயாரிச்சது இல்லை. ரிஷிவேலிக்குப் போய்ப் பார்த்துட்டு வந்த நம்ம டீச்சர்ங்களே உட்கார்ந்து எழுதினது. அடுத்து அவர் சர்வ சிக்ஷா அபியான் மாநிலத் திட்ட இயக்குநரானதும், 2007-08ல தமிழ்நாடு முழுக்க 37,000-க்கும் மேற்பட்ட தொடக்கப் பள்ளிகளுக்கு வந்துடுச்சு.

13 பள்ளியில இருந்து 37,000. நடுவுல நாலஞ்சு வருஷம்தான். இந்தக் கணக்கை மனசுல வெச்சுக்கோங்க, பின்னாடி தேவைப்படும்.

214-ஆ, 186-ஆ?

சரி, இப்போ என் நண்பன் கதைக்கு வருவோம்.

நான் நாலாவது முடிக்கும்போது ஏணியில கடைசிப் படி வரைக்கும் வந்துட்டேன். அவன் வரலை. அவன் மக்கு இல்லை பாஸ். அம்மா அப்பா கரும்பு வெட்டப் போகும்போது அவனையும் கூட்டிட்டுப் போயிடுவாங்க. மாசக் கணக்குல ஆளே இருக்க மாட்டான். அந்த முறைப்படி அவன் திரும்பி வந்ததும் விட்ட படியில இருந்து தொடரணும். ஆரம்பத்துல எங்க டீச்சர் அப்படித்தான் பக்கத்துல உட்கார வெச்சுச் சொல்லிக் குடுத்தாங்க. அப்புறம் அவங்களுக்கு டிரான்ஸ்ஃபர். ஒரு வருஷம் ஒரே டீச்சர், எல்லா வகுப்பும் அவங்க தலையில. அடைவுப் பதிவேட்டுல நிரப்ப வேண்டிய கட்டங்கள் இருக்கு, நிரப்ப நேரம் இல்லை. எல்லாருக்கும் டிக் விழுந்துச்சு. இவனுக்கும் விழுந்துச்சு. அந்த டீச்சரைக் குறை சொல்றதுக்கு எனக்கு மனசே வரலை. அவங்க எங்களுக்கு மதியச் சாப்பாடு போட்டாச்சான்னு பார்க்கணும், ஆபீஸுக்குக் கணக்கு அனுப்பணும், நடுவுல நாற்பது கார்டைத் தேடி எடுக்கணும்.

அஞ்சாவதுல வழக்கமான புத்தகம், கரும்பலகை. அதுக்கப்புறம் எட்டாவது வரைக்கும், அப்போ இருந்த கட்டாயக் கல்வி உரிமைச் சட்டப்படி யாரையும் ஃபெயில் பண்ண முடியாம இருந்துச்சு. ஒன்பதாவதைத் தட்டுத்தடுமாறித் தாண்டினான். பத்தாவதுக்கு வந்தோம், 2020, கொரோனா. தேர்வு ரத்து, எல்லாரும் பாஸ்! அன்னிக்கு நாங்க போட்ட ஆட்டத்தை நீங்க பார்த்திருக்கணும்.

ஆக, என் நண்பன் கையில பத்தாவது பாஸ்னு கவர்ன்மென்ட் சர்டிபிகேட் இருக்கு. ஆனா வங்கியில வண்டிக்கடைக் கடனுக்குக் குடுத்த ஃபாரத்தை என்கிட்டதான் கொண்டுவந்தான். எழுத்துக் கூட்டிப் படிப்பான்; ரெண்டு வரி தாண்டினா அர்த்தம் நழுவிடும்.

இன்னொரு நாள் இபி கார்டை எடுத்துட்டு வந்தான். போன ரீடிங் 287, இப்போ 473. நூறு யூனிட் இலவசம் போக எவ்வளவுக்குக் கட்டணும்னு சந்தேகம். "நீயே கழிடா"ன்னு பேனாவைக் குடுத்தேன். எழுதினான்: 214.

எப்படி வந்துச்சுன்னு பார்த்தீங்களா? மூணுல ஏழு போகாது, அதனால ஏழுல மூணைக் கழிச்சுட்டான், நாலு. ஏழுல எட்டு போகாது, திருப்பிக் கழிச்சு ஒண்ணு. நாலுல ரெண்டு போனா ரெண்டு. கடன் வாங்கிக் கழிக்கிற அந்தப் படியை அவன் எந்த வயசுலயோ தவற விட்டிருக்கான். அதுக்கு மேல பத்து வருஷப் பள்ளிக்கூடம் நடந்து முடிஞ்சிருக்கு, யாருக்கும் தெரியலை.

இப்போ ட்விஸ்ட். பேனாவை வாங்கி வெச்சுட்டு, "டேய், ஒரு குரூப் வந்து 287 ரூபாய்க்குச் சாப்பிட்டாங்க. 473 ரூபா குடுத்துட்டாங்க. மீதி எவ்வளவு?"ன்னு கேட்டேன். நான் வாய் மூடுறதுக்குள்ள "நூத்தி எண்பத்தாறு"ன்னான். எப்படிடான்னா, "பதிமூணு குடுத்தா முந்நூறு, அதுக்கு மேல நூத்தி எழுபத்திமூணு. இதுல என்னடா இருக்கு?"ன்னு சிரிச்சான்.

ஒரே ஆளு. ஒரே கணக்கு. பேப்பர்ல தப்பு, வண்டியில ரைட்டு.

இவன் மட்டும்தான் இப்படியான்னு நினைக்காதீங்க. பிரேசில்ல ரெசிஃபே நகரத்துத் தெருவுல வியாபாரம் பண்ற சிறுவர்களை வெச்சு 1985லயே ஒரு ஆய்வு வந்திருக்கு. கடையில சரியா வர்ற கணக்கு, அதையே பள்ளிக்கூடப் பாணியில எழுதிக் குடுத்தா தடுமாறிச்சு. நோபல் பரிசு வாங்கின அபிஜித் பானர்ஜி, எஸ்தர் டுஃப்லோ குழுவினர் கொல்கத்தா, டெல்லி சந்தைகள்ல வேலை செய்யற பசங்களை வெச்சு இதையே பார்த்து, 2025ல 'நேச்சர்' இதழ்ல வெளியிட்டாங்க. அதுல நம்மளைக் குத்துற பாதி எது தெரியுமா? பள்ளியில மட்டும் படிக்கிற பசங்க நேர்மாறு. பேப்பர்ல போடுறதைச் சந்தைக் கணக்குல போட முடியாமத் திணறினாங்க.

திறன்னா என்னன்னு எனக்குப் புரிஞ்சது அப்போதான். தெரிஞ்சதை வேற இடத்துல எடுத்துப் போட முடியணும். அதைக் கண்டுபிடிக்கணும்னா யாராவது பக்கத்துல உட்கார்ந்து, '214 எப்படி வந்துச்சு?'ன்னு கேட்கணும். பதிவேட்டு டிக்குக்கு அது தெரியாது.

ஆப்பிரிக்காவுக்கு ஒரு ரவுண்டு

நம்ம ஊர்ல மட்டும்தான் இப்படிச் சொதப்புதான்னு தேடிப் பார்த்தேன். இல்லை.

தென்னாப்பிரிக்காவுல நிறவெறி ஆட்சி முடிஞ்சதும், பழைய பாடத்திட்டத்தைத் தூக்கிப் போட்டுட்டு 1997ல 'கரிகுலம் 2005'னு ஒண்ணு அறிவிச்சாங்க. மனப்பாடம் வேண்டாம், மாணவனால என்ன செய்ய முடியுதுங்கிறதுதான் முக்கியம்னு. 1998ல ஒண்ணாம் வகுப்புல தொடங்கிச்சு. நோக்கம் தங்கமானது. ஆனா 2000ல லிண்டா சிஷோல்ம் தலைமையில ஒரு குழு பரிசீலிச்சப்போ என்ன தெரிஞ்சது? பாடத்திட்டத்தோட மொழியே ஆசிரியர்களுக்குப் புரியலை; பயிற்சி போதலை; புத்தகமும் பொருட்களும் போய்ச் சேரலை. வசதியான பள்ளிங்க சமாளிச்சுடுச்சு. கறுப்பினக் குழந்தைங்க படிச்ச ஏழைப் பள்ளிங்கதான் மாட்டிக்கிச்சு. யாருக்காகக் கொண்டுவந்தாங்களோ அவங்களுக்கே எட்டலை. கடைசியில 2010ல அந்த முறைக்கு முற்றுப்புள்ளி வைக்கிறதா அறிவிச்சாங்க.

கென்யா இன்னொரு கதை. 1985ல இருந்து ஓடிட்டு இருந்த 8-4-4 முறையை மாத்தி, 2019 ஜனவரியில திறன் அடிப்படைப் பாடத்திட்டத்தைத் தொடக்க வகுப்புகள்ல நாடு முழுக்கக் கொண்டுவந்தாங்க. அங்கே பெற்றோர் ஒரே புலம்பல். 'இதைச் செஞ்சு கொண்டு வா, அதை வாங்கிட்டு வா'ன்னு வீட்டுக்கு வர்ற வேலைக்கு நேரமும் காசும் யாருகிட்ட இருக்கு? படிச்ச, வசதியான வீட்டுக் குழந்தைக்கு அம்மா அப்பா செஞ்சு குடுத்துடுவாங்க. கூலி வேலைக்குப் போறவங்க வீட்டுக் குழந்தை?

நம்ம ஊர்ல அந்தப் புலம்பல் வேற மாதிரி வந்துச்சு. "புத்தகம் இல்லை, ஹோம்வொர்க் இல்லை, சும்மா விளையாடுறாங்க"ன்னு எங்க தெருவுல பாதி வீடு பசங்களை இங்கிலீஷ் மீடியம் வேன்ல ஏத்தி விட்டுச்சு. ஏணின்னா என்னன்னு அந்த அப்பா அம்மாவுக்குப் பொறுமையா உட்கார்ந்து சொல்ல யாருக்கும் நேரம் இல்லை. 13-ல் இருந்து 37,000-ன்னு சொன்னேன் இல்லையா... கார்டை அச்சடிச்சு 37,000 இடத்துக்கு லாரியில அனுப்பிடலாம். பக்கத்துல உட்கார்ற டீச்சரை லாரியில அனுப்ப முடியாதே!

நம்ம கொஸ்டின் பேப்பரைப் பாருங்க

'இதெல்லாம் சின்னப் பசங்க மேட்டர், நமக்கென்ன?'ன்னு பேஜைத் திருப்பப் பார்க்கிற இன்ஜினியரிங் மக்களே, ஒரு நிமிஷம். உங்க கடைசி இன்டர்னல் கொஸ்டின் பேப்பரை எடுங்க. ஒவ்வொரு கேள்விக்குப் பக்கத்துலயும் சிஓ 1, கே 2னு ஏதோ போட்டிருக்கா? அது பிரிண்டிங் மிஸ்டேக் இல்லை பாஸ்!

சிஓன்னா, அந்தப் பேப்பரைப் படிச்சு முடிச்சா உங்களால என்ன செய்ய முடியணும்ங்கிறது. கேன்னா அறிவோட படி. பெஞ்சமின் ப்ளூம்னு ஒரு அமெரிக்கக் கல்வியாளர் 1956ல போட்ட ஏணி அது, 2001ல திருத்தினாங்க. நினைவு வெச்சுக்கிறது அடிப்படி, புதுசா உருவாக்குறது உச்சிப்படி. 2014ல இந்தியா வாஷிங்டன் ஒப்பந்தத்துல முழு உறுப்பினர் ஆனதுக்கு அப்புறம், அங்கீகாரம் வேணும்னா ஒவ்வொரு காலேஜும் இதைக் காட்டியே ஆகணும். அதாவது, நாமளும் ஏணியிலதான் நிக்கிறோம். யாரும் சொல்லலை, அவ்வளவுதான்.

சொல்லாதது மட்டும் இல்லை. செமஸ்டர் கடைசியில ஒரு ஃபாரம் வரும்: 'இந்தப் பாடத்தின் நோக்கம் நிறைவேறியதா?' ஒண்ணுல இருந்து அஞ்சு வரைக்கும் டிக் அடிக்கணும். நான் படிக்கிற காலேஜ் பேரு வேண்டாம். எங்க கிளாஸ்ல அந்த ஃபாரத்தை ஒருத்தன் நிரப்புவான், மத்தவங்க அதைப் பார்த்து நிரப்புவோம். லேப்ல ஒருத்தன் சர்க்யூட் போடுவான், அஞ்சு பேர் ரீடிங் எழுதுவோம். சீனியர் ரெக்கார்டு நோட்டு இருக்கவே இருக்கு. அந்த டிக் எல்லாம் கூட்டிப் பெருக்கி, 'அடைவு இத்தனை சதவீதம்'னு ஒரு ஃபைல் ரெடியாகி பீரோவுக்குள்ள போயிடும்.

என் நண்பனுக்கு விழுந்த டிக்குக்கும் நான் அடிச்ச டிக்குக்கும் என்ன வித்தியாசம்? அவனுக்கு வேற யாரோ நேரம் இல்லாம அடிச்சாங்க. நான் நேரம் இருந்தும் எனக்கு நானே அடிச்சுக்கிட்டேன்.

அரும்பு, மொட்டு, மலர்

இப்போ அக்கா கேட்ட கேள்விக்கு வர்றேன்.

கொரோனாவுக்காக 2020 மார்ச்ல மூடின தொடக்கப் பள்ளிகள் 2021 நவம்பர் 1-ஆம் தேதிதான் திறந்துச்சு. ஒன்றரை வருஷத்துக்கு மேல! அந்த இடைவெளியில எழுத்தை மறந்த குழந்தைங்க, எழுத்தையே பார்க்காம ரெண்டாவதுக்கு வந்த குழந்தைங்க ஏராளம். அதுக்காக வந்ததுதான் 'இல்லம் தேடிக் கல்வி'. உங்கள்ல பலபேரோ, உங்க அக்காக்களோ அதுல தன்னார்வலரா இருந்து சாயங்காலம் திண்ணையில பாடம் எடுத்திருப்பீங்க. அடுத்து 2022 ஜூன் 13-ல 'எண்ணும் எழுத்தும்' திட்டம். முதல்ல 1 முதல் 3 வரை, 2023-24ல 4, 5-ஆம் வகுப்புக்கும். 2025-26ல 6 முதல் 9 வரை, அடிப்படைத் தமிழ், இங்கிலீஷ், கணக்கு வராதவங்களுக்குன்னே 'திறன்' திட்டம்.

எண்ணும் எழுத்தும்ல ஒண்ணாவது நிலை அரும்பு, ரெண்டாவது நிலை மொட்டு, மூணாவது நிலை மலர். குழந்தை எந்த வகுப்புல இருந்தாலும், எந்த நிலையில இருக்கோ அதுக்கேத்த பயிற்சி. பழைய ஏணிதான், புதுப் பெயின்ட் அடிச்சு வந்திருக்கு. பேரு இன்னும் அழகு. மொட்டை யாரும் 'ஃபெயிலான பூ'ன்னு சொல்ல மாட்டோம் இல்லையா?

ஆனா பழைய ஆபத்தும் கூடவே வந்திருக்கு. முன்னாடி பதிவேடு, இப்போ செல்போன் ஆப். 'பாடம் நடத்துற நேரத்தை விட எமிஸ்ல தகவல் ஏத்துற நேரம்தான் அதிகம்'னு ஆசிரியர் சங்கங்கள் திரும்பத் திரும்பச் சொல்லிட்டு இருந்தாங்க. அந்தக் குரலைச் சோம்பேறித்தனம்னு தள்ளிட முடியாது. என் நண்பனை நாங்க தொலைச்சது சரியா அந்த இடத்துலதான்.

அதனால அக்காகிட்ட இப்படிச் சொன்னேன்: "மொட்டுன்னா பாஸும் இல்ல, ஃபெயிலும் இல்லக்கா. உங்க பையன் இப்போ எங்க நிக்கிறான்னு டீச்சர் உங்களுக்கு உண்மையைச் சொல்லியிருக்காங்க. நம்மாளுக்கு இந்த உண்மையை யாருமே சொல்லலை. அடுத்த தடவை போகும்போது பாஸா ஃபெயிலான்னு கேட்காதீங்க. 'அடுத்த படிக்கு இவனுக்கு எது வரலை? வீட்டுல நாங்க என்ன பண்ணலாம்?'னு கேளுங்க. வருஷக் கடைசியிலயும் அரும்புன்னே சொன்னா, அப்போ சண்டை போடுங்க. நானும் வர்றேன்."

அக்கா பாதி நம்பினாங்க. "கணக்குல அரும்புன்னா, அவங்க மாமன் மாதிரி ஆயிடுவானோ?"ன்னு மெதுவா கேட்டாங்க. வண்டிக்குப் பின்னாடி நின்னவன் காதுல அது விழுந்துச்சு. ஒண்ணும் பேசலை. கரண்டியைக் கழுவிட்டே இருந்தான்.

ஒரு சின்ன வேலை

வழக்கமா இந்தப் பக்கத்துல கடைசியா ஒரு பன்ச் வைப்போம். இந்த வாரம் அதுக்குப் பதிலா ஒரு வேலை.

உங்க தெருவுல, சொந்தத்துல, பக்கத்து வீட்டுல ரெண்டாவது மூணாவது படிக்கிற ஒரு குழந்தை கண்டிப்பா இருக்கும். பத்து நிமிஷம் பக்கத்துல உட்காருங்க. மார்க் கேட்காதீங்க. பஸ்ல இருக்கிற ஊர்ப் பேரைப் படிக்கச் சொல்லுங்க. கடைக்குக் கூட்டிட்டுப் போய் மீதிச் சில்லறையைக் கணக்குப் போடச் சொல்லுங்க. அதையே பேப்பர்ல எழுதச் சொல்லுங்க. தப்பு வந்தா, உடனே சரியான விடையைச் சொல்லிடாம, 'எப்படி வந்துச்சு?'ன்னு கேளுங்க. அந்தக் குழந்தை எந்தப் படியில நிக்குதுன்னு உங்களுக்கே தெரிஞ்சுடும். அதைப் போய் அதோட அம்மாகிட்ட சொல்லுங்க, டீச்சர்கிட்டயும் சொல்லுங்க.

அப்படியே, அடுத்த செமஸ்டர்ல அந்த சிஓ ஃபாரம் வரும்போது ஒரே ஒரு பாடத்துக்காவது உண்மையான நம்பரைப் போட்டுப் பாருங்க. நான் போடப் போறேன். ஹெச்.ஓ.டி. கூப்பிட்டா என்ன ஆச்சுன்னு இதே பக்கத்துல எழுதறேன்!

அப்புறம், அன்னிக்கு ராத்திரி கிளம்பும்போது நண்பன் காசு வாங்க மாட்டேன்னுட்டான். அதுக்குப் பதிலா இன்னொண்ணு கேட்டான்.

"டேய், அந்த 287, 473... கடன் வாங்கிக் கழிக்கிறதுன்னியே. அதைப் பையனுக்குச் சொல்லித் தர்றப்போ, என் எதிர்க்க சொல்லித் தா."

ஞாயித்துக்கிழமை காலையில பத்து மணிக்கு, அவங்க வீட்டுத் திண்ணையில. ரெண்டு ஸ்டூடன்ட்ஸ். நான் போறேன் பாஸ்... நீங்க?